முழங்காலில் இருந்த பெண்

உரகாவா தமஜி ஐந்தடி எட்டங்குலம். ஸ்திரீபார்ட் போடுகிறவருக்கு அது பெரிய குறை. அவரோடு ராஜபார்ட் போட்டவர்களில் பாதிப் பேர் அவருடைய மூக்கு வரைக்கும்தான் வருவார்கள்.

பதினாறு வயதில் ஊர் ஊராகப் போகும் நாடகக் குழுவில் சேர்ந்தபோது, அங்கிருந்த மூத்த ஸ்திரீபார்ட் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, இரண்டு முழங்கால்களுக்கும் நடுவில் ஒரு காகிதத்தைச் செருகினார். "இது விழாம நடக்கணும், உட்காரணும், எந்திரிக்கணும். விழுந்தா அன்னிக்கு சோறு கிடையாது." கிமோனோவுக்குள் முழங்காலை மடித்து நின்றால் ஐந்தங்குலம் குறையும். ராஜபார்ட்டுக்கு அரை அடி பின்னால் நின்றால் இன்னும் கொஞ்சம் குறையும். அழவேண்டிய இடம் வந்தால் முக்கால்வாசி முதுகைக் காட்டித் திரும்பி, கிமோனோவின் கைத்துணியைப் பல்லால் கடித்து, தோளை மட்டும் குலுக்க வேண்டும். இவ்வளவுதான் பாடம். நாற்பதடி தள்ளி உட்கார்ந்திருப்பவர்களுக்கு அதற்குள் ஒரு பெண் வந்துவிடுவாள்.

தைஷோ பேரரசரின் இரண்டாம் ஆண்டு, அதாவது 1913, மழைக்காலத்தில் அந்தக் குழு செண்டாய் நகரில் கலைந்தது. தமஜிக்கு அப்போது இருபத்து நான்கு வயது. தோக்கியோவில் சுமிதா ஆற்றின் கிழக்குக் கரையில் கண்ணாடிக் கூரை போட்ட கொட்டகை ஒன்றில் படம் பிடித்துக்கொண்டிருந்தார்கள். அங்கே போய்ச் சேர்ந்தார். மேடைக்காரர்கள் படத்தில் நடிப்பவனை மண் நடிகன் என்பார்கள். பலகையில் நடிக்காமல் தரையில் நடிப்பவன் என்று பொருள். ஒரு தடவை மண்ணில் கால் வைத்தவனைப் பெரிய அரங்குகள் திரும்பப் பலகையில் ஏற்றுவதில்லை. தமஜிக்கு இது தெரியும். தெரிந்தேதான் போனார்.

வேலை ஒன்றும் கடினமில்லை. படப்பெட்டியின் கால்களிலிருந்து தரையில் இரண்டு கயிறுகள் விரிந்து போகும். கயிற்றைத் தாண்டினால் படத்தை விட்டு வெளியே போனதாகக் கணக்கு. டைரக்டர் காகிதக் குழலை வாயில் வைத்துக்கொண்டு, "நட... நில்லு... அவன் வரல... அழு" என்று கத்துவார். கத்தியபடி செய்ய வேண்டும். உதடு அசைந்தாக வேண்டும், ஆனால் என்ன பேசினாலும் சரிதான். படம் காட்டும் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்று எல்லாருக்கும் சேர்த்து பென்ஷி என்கிற கதைசொல்லி பேசிவிடுவார். அதனால் நடிகர்கள் அரிச்சுவடியைச் சொல்வார்கள், இ-ரோ-ஹா-நி-ஹோ-ஹே-தோ என்று. அரிச்சுவடியாலேயே காதலிப்பார்கள், சபிப்பார்கள், செத்தும் போவார்கள். ஒரு தடவை, உயிருக்கு உயிரானவளைப் பிரியும் கட்டத்தில், ராஜபார்ட் கண்ணீரோடு தமஜியின் கையைப் பிடித்துக்கொண்டு, "மத்தியானம் விலாங்கு மீன் போடுவானா, இல்ல நேத்து மாதிரி வெறும் முள்ளங்கிதானா?" என்று கேட்டார். தமஜி கைத்துணியைக் கடித்துத் தோளைக் குலுக்கினார். அந்தக் காட்சிக்கு கொட்டகையில் அழாதவர்கள் இல்லை என்று பிறகு சொன்னார்கள்.

ஒன்பது வருடத்தில் நூற்றிருபது படங்களுக்கு மேல் ஆயிற்று. மகள்கள், மாற்றாந்தாய்கள், கெய்ஷாக்கள், மூன்று பேய்கள். பேய்களுக்கு மட்டும் முழங்காலை மடிக்க வேண்டியதில்லை. ஆனாலும் மடித்தார்.

இருபத்தாறாவது வயதில் ஓகினுவைக் கல்யாணம் செய்துகொண்டார். அவள் வீட்டிலிருந்தபடியே விரல் பிரித்த காலுறைகள் தைத்துக் கடைக்குக் கொடுப்பவள். குள்ளம். வாடகை வீட்டின் சமையலறையில் யாரோ நெட்டையன் அடித்துவிட்டுப் போன ஓர் அலமாரி, கூரையோரமாக இருந்தது. முதல் வருடம் சூப்புக்கான மிசோ விழுது ஜாடி அங்கேதான் இருந்தது. "மேல இருக்கறத எடுத்துக் குடுக்கத்தான் உங்களக் கட்டிக்கிட்டேன். வேற எதுக்குன்னு நெனச்சீங்க?" என்பாள். ஆனால் தமஜி வீட்டுக்குள்ளும் முழங்காலை மடித்தே நடந்தார். வேண்டுமென்று செய்யவில்லை. கால் அப்படியே நின்றுவிட்டது. ஜாடியை எடுக்க அவரும் முக்காலி போட்டு ஏறியதைப் பார்த்தபின் ஓகினு அதை இறக்கிக் கீழே வைத்துக்கொண்டாள்.

தைஷோ பதினோராம் ஆண்டு வசந்தத்தில் நிஷிவாக்கி என்பவர் அங்கே டைரக்டர் ஆனார். இருபத்தெட்டு வயது. வெளிநாட்டுப் படங்களை ஒரே கொட்டகையில் உட்கார்ந்து ஆறு தடவை, ஏழு தடவை பார்த்தவர். வேறு கம்பெனிகளில் இரண்டொன்றில் அதற்குள் நிஜப் பெண்களே நடிக்கத் தொடங்கியிருந்தார்கள். நிஷிவாக்கி தனக்கும் பெண்தான் வேண்டும் என்றார். முதலாளி எதையும் இரண்டு தடவை மோந்து பார்க்கிற மனிதர். தமஜியைக் கூப்பிட்டனுப்பினார்.

"இந்தப் பய பெட்டியக் கிட்டக்க வச்சு மூஞ்சிய மட்டும் எடுக்கணும்ங்கறான். கிட்டக்க வச்சாலும் நீ பொம்பளையாத் தெரியறியான்னு பாப்போம். அசாகுசா கொட்டகையில மொத நாள் ஆட்டத்துக்கு நானே வர்றேன். ஜனங்க ஏத்துக்கிட்டா நீங்க ஆறு பேரும் இருப்பீங்க. இல்லேன்னா அடுத்த படத்துலேருந்து பொம்பளைங்கதான்."

அந்தக் கம்பெனியில் ஸ்திரீபார்ட்கள் மொத்தம் ஆறு பேர். மற்ற ஐந்து பேரும் ஒப்பனை அறையில் தமஜியைச் சூழ்ந்துகொண்டார்கள். கெய்ஷா வேடத்தில், பைப்பில் புகையிலை அடைத்துக்கொண்டே ஒருவர் சொன்னார்: "அண்ணே, எங்க அஞ்சு தலையும் உங்க ஒரு கழுத்துல இருக்கு. பாத்து நடங்க."

கதை இதுதான். படகுக்காரனின் மனைவிக்கு, கணவன் கடலில் மூழ்கிப் போய்விட்டான் என்று கடிதம் வருகிறது. அவள் படிக்கிறாள். நிஷிவாக்கி அந்த இடத்தில் முகத்தை மட்டும் எடுப்பதாக இருந்தார். அன்று கயிறுகள் ஓர் உட்காரும் மெத்தையின் அகலத்துக்குத்தான் விரிந்திருந்தன. தமஜி வந்து முழங்காலை மடித்து நின்று, கடிதத்தைப் பிரித்து, முதுகைத் திருப்பினார்.

"திரும்பாதீங்க," என்றார் நிஷிவாக்கி. "முதுகுல என்ன இருக்கு பாக்கறதுக்கு?"

தமஜி முகத்தைக் காட்டி நின்று அரிச்சுவடியை ஆரம்பித்தார்.

"உதடு வேணாம். வாய மூடிக்குங்க."

வாயை மூடிக்கொண்டார். பெட்டியின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்த ஒளிப்பதிவாளர் ஓட்சுபோ சட்டென்று நிறுத்தினார். "வாத்தியாரே, இவர் ஆடறாரு. படகுல நிக்கற மாதிரி மேல கீழ போவுது மூஞ்சி."

மடித்த முழங்காலில் நிற்பவன் ஓயாமல் கொஞ்சம் அசைந்துகொண்டேதான் இருப்பான். நாற்பதடி தள்ளி அது யாருக்கும் தெரிந்ததில்லை.

"நிமிர்ந்து நில்லுங்க," என்றார் நிஷிவாக்கி. "கால் படத்துலயே கிடையாது. அங்க என்ன செஞ்சா யாருக்குத் தெரியப்போகுது?"

ஓட்சுபோ பெட்டியைப் பலகை மேல் ஏற்றினார். தமஜி நிமிர்ந்தார். நிமிர்ந்ததும் வெள்ளைப் பூச்சுக்குள்ளிருந்து ஃபுகாகாவா பேட்டையில் பீப்பாய் செய்கிற ஒருவருக்கு மகனாகப் பிறந்த நிஜத் தமஜி எட்டிப் பார்த்தார். கொட்டகையில் இருந்த அத்தனை பேருக்கும் அது தெரிந்தது. அவரை ஒரு மர முக்காலி மேல் உட்காரவைத்துப் பார்த்தார்கள். சுவரில் சாய வைத்துப் பார்த்தார்கள். முகத்தில் ஒன்றும் வரவில்லை. இத்தனை வருடமும் அவருக்குள் வந்த பெண் அவர் முகத்தில் இருந்ததில்லை, முழங்காலில்தான் இருந்திருக்கிறாள். தமஜிக்கே அது அன்றுதான் தெரிந்தது.

வெயில் கண்ணாடிக் கூரையைத் தாண்டிப் போய்விட்டது. "நாளைக்குக் காலைல இன்னும் ஒரு தடவை," என்றார் நிஷிவாக்கி. "அதுக்கு மேல ஃபிலிம் தர மாட்டாங்க."

சாயங்காலம் வீட்டில் ஒரு பழைய காகிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு தமஜி நின்றார். நிமிர்ந்தார், மடித்தார், திரும்ப நிமிர்ந்தார். ஓகினு காலுறை தைத்துக்கொண்டிருந்தாள்.

"என்ன, மளிகைக் கடைச் சீட்டா? அவ்ளோ துக்கமா இருக்கு?"

"புருஷன் செத்த கடுதாசி."

"யாரு புருஷன்?"

"என் புருஷன்தான். வேற யாரு?" என்றார் எரிச்சலாக. ஓகினு ஊசியைப் பல்லில் வைத்துக்கொண்டு சிரித்தாள். அவர் சிரிக்கவில்லை. காகிதத்தை மடித்துவிட்டு, "ஒரு சேதி வந்தா பொம்பளைங்க என்ன செய்வாங்க?" என்று கேட்டார். பதினேழு வருடமாகப் பெண்ணாக நடித்தவர், ஒரு பெண்ணிடம் இதைக் கேட்டது அதுதான் முதல் தடவை.

"எனக்கு வந்துச்சே. போர்ட் ஆர்தர்ல எங்கண்ணன் செத்த சேதி. நான் அரிசி களைஞ்சிட்டிருந்தேன். அம்மா பின்னால நின்னு சொன்னா."

"கைத்துணியக் கடிச்சியா?"

"கை ரெண்டும் தண்ணிக்குள்ள இருக்கு, எதக் கடிக்கிறது? மிச்ச அரிசியையும் களைஞ்சு முடிச்சேன்."

"அழலியா?"

"தண்ணி தெளியற வரைக்கும் களையணும்ல."

"அப்ப மூஞ்சி எப்படி இருந்துச்சு?"

"எனக்கெப்படித் தெரியும்? நான் அரிசியத்தானே பாத்துக்கிட்டிருந்தேன்," என்றாள் ஓகினு. நூலை அறுத்தாள்.

மறுநாள் காலையில் தமஜி நிமிர்ந்தே வந்து நின்றார். கடிதத்தைப் பிரித்தார். படித்தார். பிறகு கடிதத்துக்குக் கொஞ்சம் கீழே பார்த்தார். அங்கே ஒரு சட்டியில் அரிசியும் கலங்கிய தண்ணீரும் இருப்பதுபோலவும், அது தெளிகிறதா என்று பார்ப்பதுபோலவும் பார்த்தார். வேறொன்றும் செய்யவில்லை. ஓட்சுபோ வாய்க்குள் எண்ணிக்கொண்டே கைப்பிடியைச் சுற்றினார். நிறுத்தச் சொல்லவேண்டிய நிஷிவாக்கி குழலைக் கையில் வைத்தபடி மறந்து நின்றார். எண்ணிக்கை நாற்பதைத் தாண்டியபின்தான், "ம்" என்றார்.

"ஆடல," என்றார் ஓட்சுபோ. அவர் சொன்ன பாராட்டு அவ்வளவுதான்.

நூற்றிருபது படங்களில் தமஜி செய்ததெல்லாம் பெரும்பாலும் பழக்கம். இது பழக்கம் இல்லை. இதற்கு மேல் உறுதியாகச் சொல்ல முடியாது. அந்தப் படச்சுருள் அடுத்த வருட நிலநடுக்கத்தில் மற்றவற்றோடு எரிந்துபோனது. பார்த்தவர்கள் சொன்னதை வைத்துத்தான் சொல்ல வேண்டியிருக்கிறது.

அசாகுசாவில் முதல் ஆட்டம் மத்தியானம். தமஜியும் ஓகினுவும் மாடியில் மலிவு இடத்தில், செருப்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார்கள். முதலாளி கீழே ஓரத்தில் இருந்தார். பென்ஷி ரெய்ஸான் கறுப்புக் கோட்டு போட்டுக்கொண்டு வந்து நின்றதும் நாலா பக்கமும் கூச்சல். ஜனங்கள் வந்ததே அவருக்காகத்தான். இந்த வாரம் யார் நடித்த படம் என்று யாரும் கேட்பதில்லை, ரெய்ஸான் பேசும் படம் எது என்றுதான் கேட்பார்கள். திரையில் ஒருவன் உதட்டை அசைத்து அவர் அதற்கு வார்த்தை கொடுக்காமல் விட்டதில்லை. உதடு அசையாத இடத்தில் காற்றுக்கும் அலைக்கும் வார்த்தை கொடுப்பார். தமஜியின் நூற்றிருபது படங்களில் பாதிக்கு மேல் அவர்தான் தமஜியின் குரல். இந்தக் கடிதக் கட்டத்துக்கென்று நீண்ட புலம்பல் ஒன்றை எழுதி, அதை அச்சடித்த துண்டுத்தாளிலும் போட்டிருந்தார்கள். முன்வரிசைக்காரர்கள் அதை வாயசைத்து ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கடிதம் வந்தது. முகம் வந்தது, திரை முழுவதும். அந்தக் கொட்டகையில் அவ்வளவு பெரிய முகத்தை யாரும் பார்த்ததில்லை.

ரெய்ஸான் பேசவில்லை.

முதலில் அதையும் ஒரு வித்தை என்று நினைத்தார்கள். அவர் மூச்சு இழுத்துவிட்டுத்தான் ஆரம்பிப்பார். வாத்தியக்காரர்களும் அவரைப் பார்த்துக் காத்திருந்தார்கள். முகம் அப்படியே கீழே பார்த்துக்கொண்டிருந்தது. படம் ஓட்டும் இயந்திரத்தின் சத்தம் மட்டும் கேட்டது. ரெய்ஸான் கூட்டத்துக்கு முதுகைக் காட்டித் திரும்பி, திரையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"யோவ் ரெய்ஸான், தூங்கிட்டியா?"

"புலம்பல் எங்கய்யா? தாள்ல போட்டிருக்கில்ல!"

"படிக்கத் தெரியாதவ போல, கடுதாசிய யாராச்சும் படிச்சுக் காட்டுங்கப்பா!"

சிரிப்பு கிளம்பியது. பேச்சு இருந்திருந்தால் கண்ணை மூடிக்கொண்டு கேட்டிருப்பார்கள். பேச்சு இல்லாததால் பார்க்க ஆரம்பித்தார்கள். பார்த்ததும், நடுவரிசையில் ஒரு மீன்கடைக்காரன் எழுந்து நின்று கத்தினான்: "அந்தம்மா தொண்டையில துருத்திக்கிட்டிருக்கறது என்ன, பீச் பழக் கொட்டையா?"

அதன்பிறகு அடக்க முடியவில்லை. ரெய்ஸான் திடுக்கிட்டுத் திரும்பிப் புலம்பலை ஆரம்பித்தபோது முகம் போய், படகுத்துறையில் இரண்டு பேர் வலையை உதறிக்கொண்டிருந்தார்கள். ஒரு விதவையின் துக்கமெல்லாம் அந்த இரண்டு மீனவர்களின் வாயிலிருந்து வந்தது. கொட்டகை குலுங்கியது. முதலாளி எழுந்து வெளியே போவதைத் தமஜி மாடியிலிருந்து பார்த்தார்.

பின்சந்தில் ரெய்ஸான் கழுத்துப் பட்டியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தார்.

"தமஜி-சான், என்னை அடிங்க."

"ஒன்பது வருஷம். நான் தும்முனாக்கூட அதுக்கு நாலு வரி சொல்லுவீங்க. இன்னிக்கின்னு பாத்து வாய மூடிக்கிட்டீங்களே."

"சொல்றதுக்கு ஒண்ணும் மிச்சம் வைக்கலியே நீங்க," என்றார் ரெய்ஸான். "எழுதி வச்சது எல்லாமே அதிகப்படியா இருந்துச்சு. ஒரு நிமிஷம் பாத்துட்டு அப்புறம் பேசலாம்னு நெனச்சேன். அந்த ஒரு நிமிஷத்துல..."

"அந்த ஒரு நிமிஷந்தான் எங்க ஆறு பேரோட சோறு."

ரெய்ஸான் இடுப்பு வரை குனிந்து வணங்கினார். தமஜி பதிலுக்குக் குனியாமல் நடந்தார். பதினைந்து அடி போனபின் திரும்பிக் குனிந்துவிட்டுப் போனார்.

சுமிதா ஆற்றின் அசுமா பாலத்தில் ஓகினு தமஜிக்குச் சமமாக நடக்க ஓடிக்கொண்டிருந்தாள். காலையிலிருந்து அவர் நிமிர்ந்தே நடந்துகொண்டிருந்தார், அடி நீண்டுபோயிருந்தது.

"நீயும் சிரிச்சியா?" என்றார்.

"இல்ல."

"நான் பொம்பளையாத் தெரிஞ்சேனா?"

ஓகினு ஓட்டத்தை விட்டு நின்றாள். பொய் சொல்லும் வழக்கம் அவளுக்கு இல்லை. "இல்ல. பொம்பளையாவும் தெரியல, ஆம்பளையாவும் தெரியல. சேதி வந்த ஆளாத் தெரிஞ்சீங்க."

கீழே கரிப்படகு ஒன்று போனது. அது பாலத்தைக் கடந்து போகும்வரை நின்று பார்த்தார்கள்.

மறுநாள் முதலாளி சுற்றி வளைக்காமல் சொன்னார். ஸ்திரீபார்ட் இனிமேல் கிடையாது. அடுத்த படத்தில் ஒரு ஸ்டேஷன் மாஸ்டர் வருகிறான். நெட்டையாக ஆள் வேண்டுமாம். "ரெண்டு நாள்ல சொல்லு." மற்ற ஐந்து பேரும் அன்றைக்கே துணிமணிகளை மூட்டை கட்டிக்கொண்டு, கொட்டகை வாசலில் நின்று கம்பெனியைத் திட்டிவிட்டுப் போனார்கள். தமஜியை யாரும் திட்டவில்லை. அவர் பக்கம் திரும்பிப் பார்க்காமல் போனார்கள். அவர்களோடு போவதா, நெட்டையாக நிற்பதா என்று அவர் இரண்டு நாளும் வீட்டிலேயே கிடந்தார்.

இரண்டாம் நாள் சாயங்காலம் சூப் வைக்க உட்கார்ந்த ஓகினு, "அந்த மிசோவ எடுங்க," என்றாள். தமஜி கீழ்த்தட்டில் பார்த்தார். ஜாடி அங்கே இல்லை. கூரையோரத்து அலமாரியில் இருந்தது.

"அது எப்ப மேல போச்சு?"

"முக்காலி போட்டு நான்தான் வச்சேன். இப்ப எடுக்க ஆள் இருக்குல்ல."

அவர் கையை நீட்டினார். எட்டியது. முழங்கால் இரண்டும் காய்ந்த விறகு மாதிரி சத்தம் போட்டன.

புதுப் படத்தில் படகுக்காரனின் மனைவி இல்லை, ரயில்காரனின் மனைவி. நடித்தவள் இருபது வயதுப் பெண், யொகோஹாமாவில் டெலிபோன் ஆபீசில் வேலை பார்த்தவள். ஸ்டேஷன் மாஸ்டர் வந்து தந்தியைக் கொடுக்க வேண்டும், அவள் படிக்க வேண்டும். தமஜி சீருடைத் தொப்பியோடு வந்து நின்றார்.

"தமஜி-சான், அரை அடி முன்னால வாங்க," என்றார் ஓட்சுபோ பெட்டிக்குப் பின்னாலிருந்து. "அவங்களுக்குப் பின்னால போய் ஒளியறீங்க. முழங்கால் வேற மடங்குது."

தமஜி முன்னால் வந்தார். நிமிர்ந்தார். தந்தியைக் கொடுத்தார். சல்யூட் வைத்துவிட்டுக் கயிற்றைத் தாண்டி வெளியே வந்து நின்றார். அவர் வேலை முடிந்தது. போயிருக்கலாம். அந்தப் பெண்ணுக்கு முகம் இருக்கிறதே, அதை வைத்து என்ன செய்யப்போகிறாள் என்று பார்க்க நின்றார்.

அவள் தந்தியைப் படித்தாள். முக்கால்வாசி முதுகைக் காட்டித் திரும்பினாள். கைத்துணியைப் பல்லால் கடித்து, தோளை மட்டும் குலுக்கினாள். சிறுமியாக இருக்கும்போதே பைத்தியமாகப் படம் பார்த்தவள் என்று அவளைப்பற்றி யாரோ சொல்லியிருந்தார்கள்.

நிஷிவாக்கி குழலை இறக்கிவிட்டு மிகுந்த திருப்தியோடு ஓட்சுபோவிடம் சொன்னார்: "பாத்தியா? இதத்தான் சொன்னேன். பொம்பளைன்னா பொம்பளைதான்."

தமஜி தொப்பியைக் கழற்றி அக்குளில் வைத்துக்கொண்டார். அன்று மத்தியானம் விலாங்கு மீன் போட்டார்கள்.